எங்கை எண்டாலும் நிக்கிறன்

அவருடைய பெயரை நான் எழுதப் போவதில்லை. பயம் ஒன்றுமில்லை. எழுதினால் பிறகு எழுந்து போய்க் கை கழுவ வேண்டியிருக்கும், அவ்வளவுதான். 'அவர்' என்று மரியாதையாகச் சொல்வதும் பழக்கதோஷம். என்னைவிட மூத்தவர். சுவிஸில், இன்டர்லாக்கனில், நாங்கள் எல்லோரும் அவரை அண்ணை என்றே கூப்பிட்டுப் பழகிவிட்டோம். வெறுப்பு வந்த பிறகும் வாய் மாறவில்லை.

முதலில் அவருடைய சப்பாத்தைப் பற்றிச் சொல்கிறேன். அப்படி ஒன்று அவரிடம் கிடையாது. பேஸ்போல் விளையாட வருகிறவன் ஒரு சோடிச் சப்பாத்தும் ஒரு கிளவ்ஸும் கொண்டுவருவது வழக்கம். அவர் வெறுங்கையோடு வருவார். யார் அன்று உட்கார்ந்திருக்கிறானோ அவனுடைய சப்பாத்தை வாங்கிப் போடுவார். பெரிதென்றால் உள்ளே கடதாசியைத் திணிப்பார், சிறிதென்றால் குதியை மிதித்துக்கொண்டு ஓடுவார். கெச்சருக்கு, அதாவது மட்டைக்காரனுக்குப் பின்னால் குந்தியிருந்து பந்து பிடிக்கிறவனுக்கு, முகமூடி ஒன்று உண்டு. எங்கள் கெச்சர் ரெட்டோ என்ற தபால்காரன். வெயில் நாளில் அவன் அதைக் கழற்றினால் உள்ளே பஞ்செல்லாம் வியர்வையில் ஊறிக் கிடக்கும், தாடைப்பட்டியில் எச்சிலும் இருக்கும். ரெட்டோவுக்கு விரல் நொந்து வெளியேறினால் இவர் அந்த முகமூடியை அப்படியே வாங்கி முகத்தில் மாட்டுவார்.

"துடைச்சுப்போட்டுப் போடுங்கோவன் அண்ணை" என்று ஒருநாள் சொன்னேன்.

"என்னத்துக்கு? சூடாத்தானே கிடக்கு" என்றார்.

எங்கள் ஹோட்டல் சமையலறையிலும் இதே ஆள்தான். யாராவது பாதி குடித்து வைத்துவிட்டுப் போன தேநீரை எடுத்துக் குடிப்பார். உல்லாசப் பயணிகள் கரண்டியால் கிளறிவிட்டுப் போன கேக்கைத் தட்டிலிருந்து வழித்து வாயில் போடுவார். "வீணாப் போகுது தம்பி" என்பார். லீவில் நிற்கிறவனுடைய ஏப்ரன் கொளுவியில் தொங்கினால், நேற்றைய குழம்புக் கறையோடு அதைக் கட்டிக்கொள்வார். இன்னொருவன் உடம்புச் சூடு ஆறாத பொருளைத் தன்மேல் போட்டுக்கொள்ள அவருக்குக் கூச்சமே இல்லை.

தமிழனுக்குப் பேஸ்போல் எப்படி ஒட்டியது என்று கேட்பீர்கள். குற்றம் உர்ஸுடையது. நாங்கள் வேலை செய்த ஹோட்டலில் குழாய், மின்குமிழ், உடைந்த கதிரை எல்லாம் திருத்துகிற சுவிஸ்காரன். இளமையில் அமெரிக்காவில் கொஞ்சக்காலம் இருந்து அந்த நோயைப் பிடித்துக்கொண்டு வந்தவன். ஊருக்கு வெளியே பழைய விமான ஓடுபாதைப் பக்கம் ஒரு புல்வெளியைப் பிடித்து அணி ஒன்று தொடங்கினான். மலையேறுகிற நாட்டில் யார் வருவார்கள்? ஆள் காணாமல் சமையலறைக்குள் வந்து எங்களைப் பார்த்துக் கெஞ்சினான். என்னோடு வேலை செய்த ரவி, "இது எங்கடை எல்லேதானே" என்றான். பள்ளிக்கூடத்தில் நாங்கள் விளையாடிய எல்லேயிலும் மட்டை உண்டு, பந்து உண்டு, அடித்துவிட்டு வட்டமாக ஓடுவது உண்டு. வித்தியாசம் ஒன்று மட்டும். எல்லேயில் ஓடுகிறவன்மேல் பந்தை எறிந்து பட்டால் அவன் அவுட். பேஸ்போலில் அப்படி எறிந்தால் அடிதடி. அதை எங்களுக்கு யாரும் முதலில் சொல்லவில்லை. முதல் நாள் நான் பந்தை எடுத்து ஓடிக்கொண்டிருந்த ரெட்டோவின் தொடையில் குறிபார்த்து எறிந்துவிட்டு, இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு குதித்தேன். அது கல்லுப்போன்ற பந்து. ரெட்டோ புல்லில் சுருண்டு கிடந்தான். அதற்குப் பிறகு கொஞ்சநாள் எங்கள் வீட்டுக்கு ஊர்க் கடிதம் ஒன்றும் ஒழுங்காக வந்து சேரவில்லை.

இவர் அப்படி எறியவில்லை. வந்த அன்றே அமைதியாகப் பார்த்துக்கொண்டு நின்று விளையாட்டைப் பிடித்துவிட்டார். உண்மையைச் சொல்ல வேண்டும், மனிதர் நன்றாக விளையாடுவார். அதுதான் இன்னும் எரிச்சல். பந்து எறிகிறவனுக்குக் கை பிடித்துக்கொண்டால் இவர் எறிவார். இரண்டாம் பேஸில், ஓடுகிறவன் தொட வேண்டிய இரண்டாவது முனையில், நிற்கிறவனுக்குப் பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் அங்கே நிற்பார். தூரத்து மூலையில் வெயிலில் காய்ந்துகொண்டு நிற்க ஒருவனும் விரும்பாவிட்டால் அங்கேயும் போய் நிற்பார். எந்த இடத்திலும் அவர் முதல் ஆள் இல்லை, எந்த இடத்திலும் மோசமும் இல்லை. ஒருநாள் உர்ஸ் அவரை நல்ல மனதோடு கேட்டான், உனக்கு எந்த இடம் பிடிக்கும், சொல், அதைத் தருகிறேன் என்று. நான்தான் மொழிபெயர்த்தேன். அவர் முகம் சுருங்கியது, ஏதோ கேட்கக்கூடாததைக் கேட்டுவிட்ட மாதிரி.

"எங்கை எண்டாலும் நிக்கிறன் எண்டு சொல்லும் தம்பி."

"அவன் உங்களுக்கு விருப்பமான இடத்தைத்தான் கேக்கிறான் அண்ணை."

"அதுதான் சொல்லுறன். எங்கை எண்டாலும்."

உர்ஸுக்கு ஒரே புளுகம், சந்தோஷம் தாங்கவில்லை. "ஸ்பிரிங்கர்" என்று அவர் முதுகில் தட்டினான். இந்த நாட்டில் ஆஸ்பத்திரி, ஹோட்டல் எல்லா இடத்திலும் அந்தச் சொல் உண்டு. தனக்கென்று ஒரு இடம் இல்லாமல், ஆள் இல்லாத இடமெல்லாம் போய் நிற்கிற வேலையாள். சமையலறையிலும் அவருக்கு அதுதான் வேலை. காலையில் முட்டை பொரிப்பார், மத்தியானம் சலாட் வெட்டுவார், பின்னேரம் படுக்கைத் துணி மடிப்பார். யார் எங்கே வைத்தாலும் அங்கே இருப்பார்.

ஒருமுறை பேர்ண் பக்கமிருந்து ஒரு அணி சிநேகப்போட்டிக்கு வந்தது. அவர்களுடைய ஒரு கார் வழியில் பழுதாகி நின்றுவிட்டது. ஆள் குறைவு. பேஸ்போலுக்கு ஒன்பது பேர் வேண்டும், இல்லையென்றால் ஆட்டம் கிடையாது. அவர்கள் தலையைச் சொறிந்துகொண்டு நிற்க, இவர் எழுந்து அந்தப் பக்கம் போனார். அவர்களுடைய சட்டை ஒன்றை வாங்கிப் போட்டார். எங்கள் சைகையெல்லாம் அவருக்குத் தெரியும். உர்ஸ் காதைத் தொட்டால் நான் அடுத்த பேஸுக்குத் திருட்டு ஓட்டம் ஓடுவேன் என்பதும் தெரியும். உர்ஸ் காதைத் தொட்டான், நான் ஓடினேன், பந்து எனக்கு முன்னாலேயே அங்கே வந்து காத்திருந்தது. அன்று முழுக்க இதே கதைதான். எங்களை உரித்து எடுத்துவிட்டார்கள்.

முடிந்த பிறகு கேட்டேன். "அண்ணை, எங்கடை சைகையை அவங்களுக்குச் சொல்லிக் குடுத்தனீங்களோ?"

"ஓம். கேட்டவங்கள்."

"கேட்டாச் சொல்லுறதோ?"

"அந்தப் பக்கம் நிக்கேக்கை அந்தப் பக்கத்துக்குத்தானே நிக்கோணும்."

"அப்ப நீங்கள் எந்தப் பக்கம்?"

"ஆட்டம் நடந்ததெல்லோ தம்பி" என்றார். அவர்களுடைய சட்டை இன்னும் உடம்பில் இருந்தது.

அன்று நாங்கள் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தோம். நானும்தான் சிரித்தேன். அப்போதே எனக்கு ஆள் யாரென்று பிடிபட்டுவிட்டது என்று இப்போது எழுதினால் பொய். இங்குள்ள தமிழ்க் கோயிலில் இரண்டு நிர்வாகமாகப் பிரிந்து அடிபட்டபோதும் சிரித்தோம். இந்தக் கூட்டத்திலும் இவர் முன்வரிசையில் இருந்து தலையாட்டினார், அடுத்த கிழமை அந்தக் கூட்டத்திலும் முன்வரிசையில் இருந்து தலையாட்டினார். இரண்டு பக்கமும் கதிரை அடுக்க ஆள் தேவைப்பட்டது, இரண்டு பக்கமும் அடுக்கினார். "பாவம், சூதுவாது தெரியாத மனுசன்" என்றாள் என் மனைவி. அவளுக்கு அவரில் எப்போதும் ஒரு இரக்கம். எங்கள் வீட்டுக்கு வந்தால் கேட்காமலேயே குசினிக்குள் போய் வெங்காயம் உரித்துக் கொடுப்பார், அது ஒரு காரணம்.

எங்கள் சமையலறையில் தமிழர்களுக்குள் ஒரு வழக்கம் இருந்தது. ஒருவனுக்கு ஏலாமல் போனாலோ, ஊரில் செத்தவீடு என்று மனம் உடைந்து கிடந்தாலோ, மற்றவன் அவனுடைய இடத்தில் போய் நின்றுவிடுவான். ஷெஃப்புக்குச் சொல்வதில்லை. வேலை வழக்கம்போல நடக்கும், ஆள் இல்லை என்பதே மேலே தெரியாது. தெரிந்தால் 'இவன் இல்லாமலும் நடக்கிறதே' என்றோ 'இவன் அடிக்கடி நோயாளி' என்றோ ஒரு குறிப்பு விழுந்துவிடும் என்ற பயம். இந்த நாட்டில் தங்குகிற பெர்மிட் காலம் முடிந்து புதுப்பிக்கும்போது வேலை இருந்தாக வேண்டுமே. இந்த வழக்கத்துக்கு இவரைப்போல் வாய்த்த ஆள் வேறில்லை. என் மகள் பிறந்த அன்று நான் ஆஸ்பத்திரியில் நின்றபோது காலைச் சாப்பாட்டு மேசைகளை இவர்தான் பார்த்தார். இதை நான் மறைக்கவில்லை. அவர் எனக்கு நின்றிருக்கிறார், ரவிக்கு நின்றிருக்கிறார், எல்லோருக்கும் நின்றிருக்கிறார்.

இனிக் குகனுடைய கதைக்கு வருகிறேன்.

குகன் எங்களில் இளையவன். போர் முடிந்த பிறகு வந்தவன். அவனிடம் இருந்தது எஃப் பெர்மிட், அதாவது தற்காலிகமாக இருந்துகொள் என்று கொடுக்கிற காகிதம். அதோடு ஊருக்குப் போய்வர ஏலாது. மனைவியும் கைக்குழந்தையாக விட்டுவந்த மகளும் வவுனியாவில். அவர்களைக் கூப்பிட மனுப் போட்டிருந்தான். அதற்கு முதல் நிபந்தனை, அரச உதவியை எதிர்பாராமல் சொந்த உழைப்பில் அவர்களைப் பார்க்க வேண்டும். குகனுடைய உழைப்பு அப்வாஷில், பாத்திரம் கழுவுகிற இடத்தில். ஹோட்டலில் எல்லோரும் வெறுக்கிற இடம் அது. நீராவி, எண்ணெய்ப் பிசுக்கு, ஆளுயரப் பானைகள். அவன் அங்கே பாட்டுப் பாடிக்கொண்டு நிற்பான். மகளுக்கு என்று ஒரு சிறிய கட்டில்கூட வாங்கி அறையில் போட்டுவிட்டான். இரவில் தன் உடுப்புகளை அதில் மடித்து வைப்பான்.

ஒருநாள் சூப் பானையைத் தூக்கும்போது இடுப்புப் பிடித்துக்கொண்டது. வைத்தியர் ஓய்வு எழுதிக் கொடுத்தார். வழக்கம்போல நாங்கள் மாறி மாறி அவனுடைய இடத்தில் நின்றோம். ஓய்வு முடிகிற நேரம் ஷெஃப்புக்கு ஒரு யோசனை வந்தது. அப்வாஷுக்குத் தனி ஆள் எதற்கு, மற்றவர்கள் இடைக்கிடை கழுவினால் போதாதா என்று மனேஜரிடம் சொல்லியிருக்கிறார். திங்கட்கிழமை முடிவு. வேலை போனால் மனுவும் போகும் என்று எங்களுக்குத் தெரியும், ஷெஃப்புக்குத் தெரியாது, தெரிந்தாலும் அவருக்கு என்ன.

எங்கள் வீட்டில் கூடினோம். ரவிதான் வழி சொன்னான். ஞாயிற்றுக்கிழமை இந்திய உல்லாசப் பயணிகள் பஸ் பஸ்ஸாக மத்தியானச் சாப்பாட்டுக்கு வருகிறார்கள். அன்றைக்கு ஒருவரும் அப்வாஷ் பக்கம் போவதில்லை. அவரவர் தன் வேலையை ஒழுங்காகச் செய்வது, அவ்வளவுதான். வேலைநிறுத்தம் இல்லை, சத்தம் இல்லை. குகனுடைய இடம் சும்மா கிடக்கட்டும். அது சும்மா கிடந்தால் என்ன நடக்கும் என்று மனேஜர் தன் கண்ணால் பார்க்கட்டும்.

இவரும் அங்கே இருந்தார். என் மனைவி சுட்ட வடையைத் தின்றுகொண்டு ஒவ்வொரு சொல்லுக்கும் தலையாட்டினார்.

"அண்ணை, விளங்கினதோ? ஆரும் நிக்கக் கூடாது."

"ஓம் ஓம். சரியான கதை. ஆரும் நிக்கக் கூடாது."

இருந்தாலும் எனக்கு மனம் கேட்கவில்லை. அந்த ஞாயிறு அணிக்கு வெளியூரில் ஒரு போட்டி இருந்தது. உர்ஸைப் பிடித்து இவரைக் கட்டாயம் கூட்டிக்கொண்டு போகச் சொன்னேன். ஸ்பிரிங்கரை விட்டுவிட்டா போவேன் என்றான் அவன்.

ஞாயிறு நாங்கள் நினைத்ததைவிட நன்றாகவே நடந்தது. பஸ்கள் வந்தன. பதினொரு மணிக்கே தட்டுகள் குவியத் தொடங்கின. தொட்டி நிறைந்தது, மேசை நிறைந்தது, தரையில் அடுக்கினோம். பருப்பும் சோறும் காய்ந்து நாறியது. கண்ணாடிக் குவளை முடிந்து பரிமாறுகிறவர்கள் கத்தினார்கள். ஷெஃப் எங்கள் முகத்தைப் பார்த்தார், நாங்கள் வெங்காயத்தைப் பார்த்தோம். கடைசியில் மனேஜர் கோட்டுச் சூட்டோடு படியிறங்கி வந்து, அந்தக் குவியலுக்கு முன்னால் மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றார். "இங்கே நிற்கிற அந்தப் பையன் எங்கே? அவன் எப்போது திரும்பி வருகிறான்?" என்று கேட்டார். என் காதால் கேட்டேன். ரவி என் காலை மிதித்தான். இரண்டு பேருக்கும் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்தது.

அப்போது பின்கதவு திறந்தது.

வெளியே நல்ல மழை. பேஸ்போல் காற்சட்டை முழங்கால் வரை சேறு, தலையிலிருந்து தண்ணீர் சொட்ட, அவர் நின்றார். "மழை. மட்ச் இல்லையாம். சும்மா இருந்தனான், அதுதான் வந்தனான்" என்றார். பிறகு குவியலைப் பார்த்தார். கொளுவியில் தொங்கிய குகனுடைய ஏப்ரனை எடுத்துக் கட்டினார். குகனுடைய றப்பர் பூட்ஸுக்குள் காலை விட்டார்.

நான் ஓடிப்போய்ப் பக்கத்தில் நின்று பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னேன். "அண்ணை, தயவுசெய்து வெளியாலை போங்கோ."

"கொஞ்சம் பொறும் தம்பி, இந்தத் தட்டுகளை உள்ளுக்கை தள்ளிப்போட்டு வாறன்."

"அண்ணை, குகன்ரை சீவியம்."

"ஓம் ஓம்" என்றார், கை நிற்கவில்லை. பந்து எறிகிற அதே லாவகம். தட்டுகள் மெஷினுக்குள் போயின, பளபளவென்று வெளியே வந்தன. மத்தியானச் சாப்பாடு முடியுமுன் தரை தெரிந்தது. ஷெஃப் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு மனேஜரிடம் சொன்னார், பார்த்தீர்களா, நான் சொன்னேனே, இடையில் ஒருவர் வந்து கழுவினால் போதும். மனேஜர் சுத்தமான கண்ணாடிக் குவளை ஒன்றை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு மேலே போய்விட்டார்.

குப்பைத் தொட்டிகள் இருக்கிற பின்முற்றத்தில் அவரைப் பிடித்தேன். அடிக்கத்தான் போனேன்.

"நாங்கள் என்ன கதைச்சனாங்கள்? ஆரும் நிக்கக் கூடாதெண்டு கதைச்சதோ இல்லையோ?"

"கதைச்சதுதான். நான் மறக்கேல்லை."

"பிறகேன் நிண்டனீங்கள்?"

"குகன்ரை இடம் அப்பிடிக் கிடக்கிறதைப் பாக்கேலாமல் போச்சு தம்பி. அவன் இல்லாத குறை தெரியக் கூடாதெல்லோ. அவனுக்காகத்தான் நிண்டனான்."

"குறை தெரியோணும் எண்டுதானே அண்ணை எல்லாம் செய்தது."

அவர் என்னைப் பார்த்தார். கோபமில்லை, வெட்கமில்லை, பயமுமில்லை. சுத்தமான, இரக்கமான பார்வை. உள்ளே ஒன்றுமில்லாத பார்வை. கள்ளன் என்றால் ஒரு வார்த்தையால் சுடலாம். துரோகி என்றால் ஒரு அறை விடலாம். இந்த மனிதனில் அடி படுவதற்கு ஒரு இடம் இல்லை. அடிக்க ஓங்கிய கையை இறக்கினேன். அன்றிலிருந்து அவரை நினைத்தால் வாயில் புளித்தண்ணீர் ஊறுகிறது. அருவருப்பு என்பதற்கு வேறு நல்ல சொல் எனக்குத் தெரியாது.

திங்கட்கிழமை குகனுக்கு வேலை போனது. கொஞ்சக்காலம் நகரசபை கொடுத்த உதவியில் இருந்தான், அதைக் காட்டி மனுவைத் தள்ளிவிட்டார்கள். பிறகு ஃப்ரிபூர்க் நகரத்துக்குப் போய் அலுவலகங்கள் துடைக்கிற பகுதிநேர வேலை ஒன்று பிடித்தான். அந்த இடுப்போடு முழுநேரம் முடியவில்லை. மறுபடி மனுப் போட்டான், மறுபடி தள்ளினார்கள். அந்தச் சிறிய கட்டிலை யாருக்கோ கொடுத்துவிட்டான்.

நான் அணியை விட்டேன். அவர் நிற்கிற புல்லில் கால் வைக்கப் பிடிக்கவில்லை. அந்த வருட முடிவில் உர்ஸ் அவருக்கு ஒரு கிண்ணம் கொடுத்தானாம், அணிக்கு மிகவும் உபயோகமான ஆட்டக்காரர் என்று. கேட்டபோது துப்பினேன். பிறகு ஹோட்டலை விட்டும் போனார். எங்கே ஆள் குறைகிறதோ அந்த ஊருக்கு வேலைக்குப் போவது, அந்த ஊர் அணியில் நிற்பது, இதுதான் அவருடைய விளையாட்டு வாழ்க்கை. வயது போனபின் நடுவருக்கு ஆள் வராவிட்டால் நடுவராகவும் நின்றாராம். எல்லா ஊரிலும் நல்ல பெயர். எவனும் குறை சொன்னதில்லை. சுவிஸ் பாஸ்போட்டும் கிடைத்துவிட்டது.

"நீங்கள் அந்த மனுசனை ஒரேயடியா வெறுக்கிறியள். கெட்ட எண்ணத்திலை செய்யேல்லை" என்று மனைவி சொல்வாள்.

"கெட்ட எண்ணமெண்டால் திருத்தலாம். எண்ணமே இல்லாட்டி என்ன செய்யிறது?"

"நல்லதுக்கும் நிண்டவர்தானே."

"அதைத்தான் சொல்லுறன். அவருக்கு ரெண்டும் ஒண்டு."

போன கோடையில் குகனுடைய மகள் பெரிய பிள்ளையானாள். வவுனியாவில் சாமத்தியச் சடங்கு. குகன் போக முடியாது, போனால் திரும்பி வர முடியாது. அவன் மனைவி ஒரு வழி பார்த்தாள். மகளுக்குப் பக்கத்தில் தகப்பன் நிற்க வேண்டிய இடத்தில் ஒரு கதிரையைப் போட்டு, அதன் முதுகில் பட்டுச் சால்வை போர்த்தி, கதிரையில் போனை நிமிர்த்தி வைப்பது. குகன் வீடியோவில் நிற்பான். படமும் அப்படியே எடுப்பது. குகன் எங்களைக் கூப்பிட்டான், தன் பக்கத்துக்கும் யாராவது நிற்க வேண்டும் என்று.

காலையிலேயே ஃப்ரிபூர்க்குக்கு றெயில் எடுத்துப் போனோம். குகன் முழுகி, திருநீறு பூசி, வேட்டி சால்வையோடு நின்றான். ஊரிலே நிற்கிற மாதிரி வெறுங்கால். மேசையில் ஒரு சிறிய கிண்ணத்தில் அறுகரிசி வைத்திருந்தான், மகள் வணங்கும்போது போனுக்கு முன்னால் தூவுவதற்கு. போன் திரை வெளிச்சமானது. மகள் சிவப்புச் சேலையில், தலை நிறையப் பூ. கதிரைக்கு நேரே குனிந்து, "அப்பா, தெரியுதோ?" என்று கேட்டாள்.

"தெரியுது ராசாத்தி. நல்லாத் தெரியுது" என்றான் குகன்.

அந்த நேரம்தான் போனில் அவருடைய குரல் கேட்டது. அவர் விடுமுறைக்கு ஊருக்குப் போயிருக்கிறார் என்று எங்களுக்குத் தெரியாது. கையில் சொக்கலேற் பெட்டியோடு கூட்டத்துக்குள் வந்தார். எல்லோருக்கும் கும்பிடு போட்டார். வந்ததும் வராததுமாக யாரோ தூக்கிக்கொண்டு போன வாழைப்பழத் தட்டை வாங்கித் தான் தூக்கினார். என் மனைவி என் முகத்தைப் பார்த்தாள்.

படப்பிடிப்பாளர் கூப்பிட்டார். "தாய் தகப்பன் வாங்கோ, பிள்ளைக்கு ரெண்டு பக்கமும் நில்லுங்கோ."

குகனின் மனைவி கதிரையைக் காட்டி ஏதோ சொன்னாள்.

"போனிலை வெளிச்சம் பட்டுத் தெறிக்குது அக்கா. முகம் விழாது" என்றார் படப்பிடிப்பாளர். அந்தக் கதிரையை எல்லோரும் பார்த்தார்கள்.

பிறகு ஒரு பெரிய உள்ளங்கை எங்கள் திரையை மூடியது. இருட்டானது. பந்தல் துணி தெரிந்தது. பிறகு அவருடைய முகம், மிகக் கிட்டத்தில், அன்பு நிறைந்து.

"குகன், ஒண்டுக்கும் யோசிக்காதையும். நான் பாக்கிறன்" என்றார்.

போனை யாரிடமோ கொடுத்தார். அந்த ஆள் அதைப் பிடித்துக்கொண்டு கூட்டத்துக்குப் பின்னால் போய் நின்றுவிட்டார். அங்கிருந்து எங்களுக்குத் தலைகள் தெரிந்தன. தலைகளுக்கு அப்பால் கதிரையைத் தூக்கி ஓரமாக வைத்தார்கள். அவர் அதிலிருந்த பட்டுச் சால்வையை எடுத்துத் தன் தோளில் போட்டுக்கொண்டு அந்த இடத்தில் நின்றார். வடிவாகத்தான் நின்றார், நேராக, தலையைக் கொஞ்சம் பிள்ளையின் பக்கம் சரித்து. பிள்ளை குனிந்து அவர் காலைத் தொட்டது. அவர் கையைத் தூக்கி ஆசீர்வதித்தார்.

"சீ" என்றாள் என் மனைவி. அவள் வாயிலிருந்து அவரைப் பற்றி அந்தச் சொல் வந்தது அதுதான் முதல் தடவை. போனை நிறுத்தக் கையை நீட்டினாள். குகன் அவள் கையை மெல்லத் தள்ளிவிட்டான்.

அவன் திரையோடு முகத்தை ஒட்டிப் பார்த்துக்கொண்டு நின்றான். தூவ ஓங்கிய கைக்குள் அறுகரிசி அப்படியே இருந்தது. அங்கே போனைப் பிடித்திருந்தவரின் கை ஆடியது, படம் ஆடியது.

"அண்ணை, என்னாலை வடிவாப் பாக்கேலாமல் கிடக்கு" என்றான் என்னிடம். "சிரிக்கிறாளோ?"

நான் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தேன். அவர் ஏதோ சொல்ல, பிள்ளை அவர் தோளோடு ஒட்டி நின்று படத்துக்குச் சிரித்தது.

"ஓம்" என்றேன். "சிரிக்கிறாள்."